மறுபடியும் மாணவி: ஹாங்காங் திரையின் ஜோசஃபின் சியாவ்

1993-இல் வெளியான ‘ஃபோங் சாய்-யுக்’ படத்தில் ஒரு சண்டைப் போட்டி வருகிறது. ஊர்ப் பணக்காரர் ஒருவர் உயரமாக மரச்சாரம் கட்டி, தன் மனைவியை அதன்மேல் நிறுத்துகிறார். அவளை வெல்கிறவனுக்கு மகளைக் கட்டிக்கொடுப்பதாக அறிவிப்பு. கதாநாயகன் ஜெட் லி மேலேறிச் சண்டையிடுகிறான். பெண் யார் என்பதில் ஏற்பட்ட குழப்பத்தால் வேண்டுமென்றே தோற்றுவிட்டு இறங்குகிறான். பிள்ளை தோற்ற அவமானம் அவனுடைய அம்மாவுக்குப் பொறுக்கவில்லை. ஆண் உடை உடுத்தி, அவனுடைய அண்ணன் என்று சொல்லிக்கொண்டு சாரத்தில் ஏறி ஜெயித்தே விடுகிறாள். தோற்ற பெண்ணின் மனமோ அந்த ‘ஆண்’ மேல் போய்விடுகிறது. சிரிப்பாகத் தொடங்கும் அந்தக் காதல் துயரத்தில் முடிகிறது. அப்போது ஜெட் லி புகழின் உச்சியில் இருந்தார். ஆனாலும் படம் முடிந்து வெளியே வருகிறவர்கள் அந்த அம்மாவைப் பற்றித்தான் பேசிக்கொண்டு வருவார்கள்.

அந்த அம்மாதான் ஜோசஃபின் சியாவ். சீன மொழியில் சியாவ் ஃபோங்-ஃபோங். அப்போது அவருக்கு வயது 46. ஜெட் லி அவரைவிடப் பதினாறு வயதுதான் இளையவர்.

ஹாங்காங்கின் வயதான ரசிகர்களுக்கு அந்தக் காட்சியில் இன்னொரு ருசியும் இருந்தது. 1960களில் வாள்வீச்சுப் படங்களில் ஆண் உடை அணிந்து வந்தவர் சியாவின் சக நட்சத்திரமான கானி சான் போ-சூ. சியாவ் அவருக்கு ஜோடியாக, பெண்ணாக வருவார். முப்பது ஆண்டு கழித்து அந்த உடை இவருக்கு வந்து சேர்ந்திருந்தது. உடை புதிது, உடற்பயிற்சி பழையது. காலைத் தூக்கும் விதம், இடுப்பைத் திருப்பும் வேகம், சாரத்தில் கால் மாற்றும் நிதானம் எல்லாம் சிறுமியாக இருந்தபோதே கற்றவை.

ஏறத்தாழ நாற்பத்தைந்து ஆண்டுத் திரைவாழ்வில் அவர் 200-க்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். அநாதைக் குழந்தை, வாள் பிடித்த வீராங்கனை, குட்டைப் பாவாடையில் ஆடும் கல்லூரிப் பெண், சீர்திருத்தப் பள்ளியிலிருந்து தப்பி ஓடும் முரட்டுப் பெண், மூக்குக்கண்ணாடி போட்ட அசட்டுப் பெண், மாமனாரைக் குளிப்பாட்டும் மருமகள் என்று பட்டியல் நீளும். எந்த வேடமும் பொருந்தும் நடிகை என்று யாரை வேண்டுமானாலும் எளிதாகப் புகழ்ந்துவிடலாம். சியாவின் விஷயத்தில் அந்தப் பொருத்தம் எங்கிருந்து வந்தது என்பதைத்தான் பார்க்க வேண்டும். மக்கள் தன்னை ஓர் உருவத்தில் நேசிக்கத் தொடங்கியதும், அவர் அதிலிருந்து வெளியேறி எதையாவது புதிதாகப் படிக்கப் போனார். படித்ததைக் கொண்டுவந்து நடித்தார். வாழ்நாள் முழுக்க அவர் இதைச் செய்தார் என்பதே இந்தக் கட்டுரையின் வாதம்.

அநாதை வேடம்

சியாவ் பிறந்தது 1947 மார்ச்சில், ஷாங்காயில். சீனாவில் ஆட்சி மாறிய 1949-ஆம் ஆண்டு ஷாங்காயிலிருந்து ஹாங்காங்குக்கு வந்து குவிந்த ஆயிரக்கணக்கான குடும்பங்களில் அவருடையதும் ஒன்று. வந்த சில காலத்திலேயே தந்தை இறந்துவிட்டார். தாய் தனியாகப் பிள்ளை வளர்க்க வேண்டிய நிலை. இதற்கிடையில், மிகச் சிறு வயதில் வந்த கடுங்காய்ச்சல் குழந்தையின் வலது காதைச் செவிடாக்கியிருந்தது. அந்தக் காதின் கதை பிறகு வரும்.

1950களின் தொடக்கத்தில், ஆறேழு வயதில், அவர் கேமரா முன் நின்றார். வீட்டுக்கு வருமானம் வேண்டும், குழந்தைக்கு அழத் தெரிகிறது. அந்தக் கால ஹாங்காங் படங்களுக்கு அழத் தெரிந்த குழந்தைகள் நிறைய தேவைப்பட்டார்கள். போரும் இடப்பெயர்வும் பிரித்துப்போட்ட குடும்பங்கள் நிறைந்த ஊர் அது. தாயைத் தேடும் குழந்தையின் கதை எந்த அரங்கிலும் ஓடியது. ‘மெய் கு’ என்ற அநாதைச் சிறுமியின் கதையில் நடித்ததற்காக 1950களின் நடுவில் தென்கிழக்காசியத் திரைப்பட விழாவில் அவருக்குச் சிறந்த குழந்தை நட்சத்திர விருது கிடைத்தது. ஹெக்டர் மாலோவின் பிரெஞ்சு நாவலைத் தழுவி, மூத்த இயக்குநர் பூ வான்-சாங் எடுத்த ‘நோபடிஸ் சைல்ட்’ படத்தில் நாடோடியாக அலையும் குழந்தையும் அவர்தான். அந்தப் படத்தோடு சேர்த்து நினைக்கப்படும் தாய்ப்பாசப் பாடல் சீனம் பேசும் வீடுகளில் இன்றும் குழந்தைகளுக்குச் சொல்லித்தரப்படுகிறது.

அன்றைய காண்டனீஸ் திரையுலகம் எப்படி இயங்கியது என்று தெரிந்தால்தான் ஒரு குழந்தை அதில் பட்ட பாடு புரியும். ஹாங்காங் சிறிய ஊர், சந்தையோ பெரியது. சிங்கப்பூர், மலாயா, வியட்நாம் முதல் அமெரிக்கச் சீனக் குடியிருப்புகள் வரை காண்டனீஸ் பேசுகிறவர்கள் இருந்தார்கள். தென்கிழக்காசிய விநியோகஸ்தர்கள் நட்சத்திரத்தின் பெயரைக் கேட்டே முன்பணம் கொடுத்தார்கள். அந்தப் பணத்தை வைத்துக்கொண்டு படம் தொடங்கும். பெயர் விற்கிற வரை அந்த நட்சத்திரத்துக்கு ஓய்வில்லை. ஆண்டுக்கு 150, 200 படம் என்று காண்டனீஸில் மட்டும் எடுத்துத் தள்ளிய காலம் அது. ஏழே நாளில் எடுத்து முடித்த படங்களுக்குத் தனிப் பட்டப்பெயரே உண்டு. பெரிய நடிகர்கள் ஒரே நாளில் இரண்டு மூன்று படப்பிடிப்புத் தளங்களுக்கு ஓடினார்கள். குழந்தை நட்சத்திரங்களும் அப்படித்தான் ஓடினார்கள்.

நல்ல படங்களும் அந்த ஓட்டத்திலேதான் பிறந்தன. 1952-இல் நடிகர்களும் இயக்குநர்களும் சேர்ந்து தொடங்கிய யூனியன் நிறுவனம் சீன எழுத்தாளர் பா ஜின்னின் நாவல்களைப் படமாக்கியது. 1955-இல் சிங்கப்பூர் முதலீட்டில் தொடங்கிய கோங் ஞி நிறுவனம் நகரத்து இளைஞர்களின் கதைகளைச் சொன்னது. குறைந்த செலவு என்பதற்காகக் காண்டனீஸ் படங்கள் எல்லாவற்றையும் மட்டமாகப் பேசும் வழக்கம் நெடுங்காலம் இருந்தது. அது அநியாயமான பேச்சு.

இந்த ஓட்டத்தில் சியாவுக்குக் கிடைக்காமல் போனது பள்ளிக்கூடம். மற்றப் பிள்ளைகள் புத்தகப் பை தூக்கிய வயதில் அவர் ஒப்பனைப் பெட்டியோடு அலைந்தார். வீட்டில் வைத்துப் பாடம் சொல்லிக்கொடுத்தார்கள். ஆனால் வகுப்பறை, தேர்வு, சான்றிதழ் எதுவும் இல்லை. அந்தக் குறை அவரை விடவே இல்லை. பின்னால் அவர் எடுத்த பெரிய முடிவுகள் எல்லாவற்றுக்கும் அடியில் இந்தக் குறை இருந்தது என்றே நான் நினைக்கிறேன்.

குருவிடம் கற்ற கால்

குழந்தை நட்சத்திரங்களின் பெரிய ஆபத்து பதினைந்து வயது. குழந்தையாகவும் இல்லாமல் கதாநாயகியாகவும் இல்லாமல் பலர் அங்கேயே காணாமல் போனார்கள். சியாவ் அந்த வயதைத் தாண்டியது பீஜிங் இசைநாடகப் பயிற்சியால். போர்வீராங்கனை வேடங்களில் பேர்பெற்ற ஃபென் ஜூஹுவா என்ற மூத்த கலைஞர் ஹாங்காங்கில் பள்ளி நடத்திவந்தார். கண்டிப்பான குரு. ஈட்டி, வாள், குட்டிக்கரணம், காலைக் காதுவரை தூக்கி நிறுத்தும் பயிற்சி என்று பிள்ளைகளை வாட்டி எடுத்தார். பின்னாளில் சண்டைப் படங்களில் புகழ்பெற்ற லாம் சிங்-யிங்கும் அவரிடம் வளர்ந்தவர்தான். அதே குருவிடம்தான் கானி சானும் கற்றார்.

கானி சான் காண்டனீஸ் இசைநாடகக் குடும்பத்தில் வளர்ந்தவர். ஆண் வேடத்தில் கொடிகட்டிப் பறந்த நடிகை யாம் கிம்-ஃபாயின் சீடர். மேடை மரபிலிருந்து வந்த அவரும், ஷாங்காயிலிருந்து வந்த சியாவும் 1960களின் வாள்வீச்சுப் படங்களில் இணைந்தார்கள். உள்ளங்கையிலிருந்து மின்னல் பாயும், வாள்கள் தாமாகவே பறந்து மோதும், ஒரே கதை இரண்டு மூன்று பாகமாக நீளும் படங்கள் அவை. மின்னலை ஃபிலிம் மீது கையால் கீறி வரைந்தார்கள். பிள்ளைகள் அரங்கில் கூச்சலிட்டுப் பார்த்தார்கள். தந்திரக் காட்சிகள் இன்று பழையதாகத் தெரியலாம். ஆனால் அந்தப் பெண்கள் இருவரின் உடலசைவில் பொய் கிடையாது.

ரசிகர்கள் இரண்டு கட்சியானார்கள். தொழிற்சாலைப் பெண்கள் கானி சான் பக்கம், மாணவிகள் சியாவ் பக்கம் என்று பொதுவாகச் சொல்வார்கள். முழுக்க அப்படிப் பிரிக்க முடியாதுதான். ஆனால் அதில் ஓர் உண்மை உண்டு. அன்று ஹாங்காங்கில் பிளாஸ்டிக் பூ, பொய்முடி, துணி ஆகியவற்றைச் செய்யும் ஆலைகளில் இளம்பெண்கள் பெருங்கூட்டமாக வேலைக்குப் போனார்கள். கையில் முதல்முறையாகச் சொந்தச் சம்பளம். அதில் சினிமா டிக்கெட் வாங்கினார்கள், நட்சத்திரங்களின் படம் வாங்கினார்கள், தங்கள் நாயகிக்காகச் சண்டையும் போட்டார்கள். திரையில் என்ன ஓட வேண்டும் என்பதைத் தீர்மானிக்கும் இடத்துக்கு உழைக்கும் பெண்கள் வந்தது அந்தக் காலத்தில்தான். போட்டி ரசிகர்களிடையே எவ்வளவு கடுமையாக இருந்தாலும், நடிகைகள் இருவரும் ஒருவரோடொருவர் தொடர்ந்து நடித்தார்கள். அவர்களும் நான்சி சிட், ஃபுங் போ-போ, ஃபுங் சோ-போ, ஷம் சி-வா, வோங் ஓய்-மிங் ஆகியோரும் சேர்ந்து சகோதரிகளாக உறுதி எடுத்துக்கொண்டு ‘ஏழு இளவரசிகள்’ என்று அழைக்கப்பட்டார்கள்.

1966-இல் வந்த ‘கலர்ஃபுல் யூத்’ சியாவ், கானி சான் இருவரையும் வாளைக் கீழே வைக்கச் சொல்லி நடன அரங்குக்கு அனுப்பியது. சியாவ் குட்டைப் பாவாடையில் அ-கோ-கோ ஆடினார், மேற்கத்திய இசைக்குப் பாடினார். அடுத்த இரண்டு மூன்று ஆண்டுகள் இளமைப் படங்களின் காலம். அவற்றில் பலவற்றை ஒருமுறை பார்த்தால் போதும். சியாவ் அவற்றில் குறும்பாக, அழகாக, சரியான நேரத்தில் சரியான அடி எடுத்து வைக்கிறார். கதை மட்டும் பெரும்பாலும் அவருக்கு இணையாக வருவதில்லை.

டெடி கேர்ள்ஸ்

இணையாக வந்தவர் இயக்குநர் லுங் கோங். 1967-இல் அவர் எடுத்த சிறைமீண்டவனின் கதையைத்தான் பின்னால் இயக்குநர் ஜான் வூ ‘எ பெட்டர் டுமாரோ’ என்று புதிதாக்கினார். லுங் கோங் சமூகத்தைப் பார்த்துக் கோபப்பட்ட கலைஞர். 1968-இல் ‘விண்டோ’ படத்தில் சியாவுக்குக் கண் தெரியாத பெண் வேடம் கொடுத்தார். பாட்ரிக் ட்செ நடித்த ரவுடி அவளுடைய தந்தையைக் கொன்றவன். அவளைக் காக்கத் தொடங்கி, அவளையே நேசிக்கிறான். மிகையழுகைக்கு எல்லா வாய்ப்பும் உள்ள கதை. சியாவ் அடக்கி நடித்தார். முகத்தை ஒலி வரும் பக்கம் அரைப் பங்கு திருப்பி நிறுத்துகிற அந்த நுட்பத்தைப் பாருங்கள். ஒரு காது மட்டும் கேட்கிறவர் உலகத்தைக் கேட்கும் விதத்தை அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

அடுத்த ஆண்டு, 1969-இல், ‘டெடி கேர்ள்ஸ்’. காண்டனீஸ் சினிமாவின் பழைய யுகத்தில் சியாவ் நடித்த படங்களில் மிகச் சிறந்தது இதுதான் என்பது என் தீர்ப்பு. இரவு விடுதியில் ஒரு கைகலப்போடு படம் தொடங்குகிறது. பிடிபட்ட பெண்ணை வீட்டுக்கு அனுப்ப அதிகாரிகள் தயார். அவளோ வீட்டுக்குப் போக மாட்டேன் என்கிறாள், சீர்திருத்தப் பள்ளிக்கே அனுப்புங்கள் என்கிறாள். தந்தை இல்லாத வீட்டில் தாயோடு வந்து ஒட்டிக்கொண்ட ஆளை அவளுக்குப் பிடிக்காது. அந்த ஆளாக நடித்தவர் லுங் கோங்கேதான். தாயின் பணத்தைச் சுருட்டி அவளைச் சாவுக்குத் துரத்திவிடுகிறான். செய்தி பள்ளிக்குள் வருகிறது. மகள் தோழிகளோடு மதில் தாண்டிப் பழிவாங்கப் போகிறாள்.

பத்து ஆண்டுகளுக்கு மேலாக நல்ல பிள்ளையாகவே பார்த்து வளர்ந்த முகம் இது. தாயைத் தேடி அழுத அநாதையும் இதே முகம்தான். ரசிகர்கள் அறிந்திருந்த அந்த முகத்தையே சியாவ் இங்கே பயன்படுத்திக்கொண்டார். தாயின் சாவுச் செய்தி வரும்போது இந்தப் பெண் கதறி விழுவாள் என்று அரங்கு காத்திருக்கும். அவளோ இறுகுகிறாள். அந்த இறுக்கத்தில், அன்பு கிடைக்காத பிள்ளையின் நெடுநாள் கோபம் அத்தனையும் தெரிகிறது. படம் எந்த ஒருவர் மேலும் பழியைப் போட்டுத் தப்பிக்கவில்லை. வீடு, பள்ளி, சட்டம், பணம் எல்லாவற்றையும் கேள்வி கேட்கிறது. 1967-இல் தெருக் கலவரமும் குண்டுகளும் கண்ட ஊர் தன் இளைஞர்களைப் பார்த்துப் பயந்துகொண்டிருந்த நேரம். அந்தப் பயத்துக்கு உள்ளே போய் ஒரு பெண்ணின் பக்கம் நின்று பேசிய படம் இது.

இப்படி ஒரு நடிகை கிடைத்துவிட்ட நேரத்தில் அவருக்கு அடியிலிருந்த தரை போய்விட்டது. ஷா சகோதரர்கள் நிறுவனத்தார் வண்ணத்தில், அகலத்திரையில், பெரும் செலவில் மாண்டரின் படங்களை இறக்கினார்கள். 1967 நவம்பரில் டிவிபி தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியது. காண்டனீஸ் பேச்சை வீட்டிலேயே இலவசமாகக் கேட்க முடிந்தபோது, கறுப்பு வெள்ளைக் காண்டனீஸ் படத்துக்குக் காசு கொடுக்க ஆளில்லை. ஆண்டுக்கு 200 படம் எடுத்த மொழியில் 1972-இல் ஒரு படமும் வெளிவரவில்லை. ஊரில் பெரும்பாலோர் பேசிய மொழி, அந்த ஊரின் திரையிலிருந்து முற்றிலும் மறைந்தது.

வகுப்பறைக்கு

அந்த வீழ்ச்சி முழுதாக வருமுன்னரே சியாவ் கிளம்பியிருந்தார். அமெரிக்காவில் நியூ ஜெர்சியில் உள்ள சீட்டன் ஹால் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். ஒழுங்கான பள்ளிப் படிப்பு இல்லாத, ஊரெல்லாம் தெரிந்த நட்சத்திரம், யாருக்கும் தன்னைத் தெரியாத வகுப்பறையில் போய் உட்கார்ந்தார். மக்கள்தொடர்பியல் படித்துப் பட்டம் பெற்றார். ஒரு காதோடு, இரண்டாவது மொழியில்.

சிறந்த நடிகைகள் எத்தனையோ பேர் அந்த வீழ்ச்சியோடு திரையை விட்டுப் போனார்கள். கானி சானும் 1970களின் தொடக்கத்தில் ஒதுங்கிக்கொண்டார். அவர் மேடைக்குத் திரும்பியது 1999-இல், தன் குரு யாம் கிம்-ஃபாயின் வேடத்தில். சியாவ் மட்டும் சில ஆண்டுகளிலேயே திரும்பி வந்தார். அதற்குள் 1973-இல் சோர் யுவென் இயக்கிய ‘72 குடித்தனக்காரர்கள்’ வசூலை அள்ளி, காண்டனீஸைத் திரைக்கு மீட்டிருந்தது. ஆனால் திரும்பி வந்தவர் கதாநாயகி நாற்காலியைத் தேடவில்லை.

1976-இல் லியோங் போ-சியோடு சேர்ந்து ‘ஜம்பிங் ஆஷ்’ படத்தை இயக்கினார். போதைப்பொருள் கடத்தல் பற்றிய படம். தெருவில் இறங்கிப் படம் பிடித்தார்கள். வேகமான வெட்டு, உண்மையான இடங்கள், உண்மையான பேச்சு. 1979 முதல் எழுந்த ஹாங்காங் புதிய அலைக்கு முன்னோடி என்று திரை வரலாற்றாசிரியர்கள் இந்தப் படத்தைச் சொல்கிறார்கள். ஏழு நாளில் முடியும் படங்களில் நடித்து வளர்ந்தவர், அடுத்த தலைமுறைக்குக் கதவு திறந்தவர்களில் ஒருவரானார். பெண்கள் இயக்குநர் நாற்காலியில் அமர்வதே அபூர்வமான காலம் அது.

புதிய அலையின் பெரிய கலைஞர் ஆன் ஹுய். அவருடைய இரண்டாவது படமான ‘ஸ்பூக்கி பஞ்ச்’ (1980) சியாவின் தயாரிப்பு. சின்னத் தீவு ஒன்றுக்குக் கச்சேரிக்குப் போகும் காண்டனீஸ் இசைநாடகக் குழுவைப் பேய்கள் பிடித்துக்கொள்ளும் கதை. குழுவில் இரண்டாந்தர நடிகையாக சியாவே நடித்தார். மேடைக்குப் பின்புறத்து வறுமை, சில்லறைச் சண்டை, சாப்பாட்டுத் தட்டு, சாமி கும்பிடுதல் எல்லாம் பேய்க்கதைக்குள் அவ்வளவு அன்போடு வருகின்றன. சிறுவயதிலிருந்து அந்த உலகத்தை அருகிலிருந்து பார்த்தவர் மட்டுமே கொடுக்கக்கூடிய விவரங்கள் அவை.

அதே ஆண்டுகளில்தான் லாம் ஆ-சுன் பிறந்தாள். தொலைக்காட்சியில் தோன்றி, பிறகு திரைக்கு வந்த பாத்திரம். பெரிய மூக்குக்கண்ணாடி, பொருந்தாத உடை, தொட்டதெல்லாம் தவறாகும் கை. அழகி என்று ஊர் கொண்டாடிய நட்சத்திரம் முப்பது வயதில் தன் அழகைத் தானே கழற்றி வைத்தார். எத்தனை முறை விழுந்தாலும் எழுந்து நடக்கும் அந்த அசட்டுப் பெண்ணை ஹாங்காங் தன் வீட்டுப் பெண்ணாக ஏற்றுக்கொண்டது. வரிசையின் பிந்தைய படம் ஒன்றை 1982-இல் ஜான் வூ இயக்கினார். நகைச்சுவை நடிப்பில் சியாவுக்கு வந்த மரியாதை 1987-இல் வந்த ‘த ராங் கப்பிள்ஸ்’ படத்தில் பலித்தது. ரிச்சர்ட் ஙோடு ஜோடியாக நடித்த அந்தப் படத்துக்காக ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த நடிகை ஆனார். அதற்குப் பிறகும் ஒரு படிப்பு இருந்தது. கொலராடோவின் ரீஜிஸ் பல்கலைக்கழகத்தில் குழந்தை உளவியலில் முதுநிலைப் பட்டம்.

மீன் சாகும் வரை

இனி ‘சம்மர் ஸ்நோ’. 1995, இயக்கம் ஆன் ஹுய்.

படம் மீன் சந்தையில் தொடங்குகிறது. உயிர்மீன் விலை அதிகம், செத்த மீன் மலிவு. மே என்ற நடுத்தர வயதுப் பெண் தொட்டி முன் நின்று ஒரு மீனையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். மீன்காரர் கவனிக்காத நேரம் அதற்கு ஒரு தட்டு. மீன் சாகிறது, விலை இறங்குகிறது. அந்தப் பெண்ணின் வருமானம், புத்தி, பிடிவாதம், குடும்பத்துக்காக அவள் செய்யத் தயாராக இருப்பது எல்லாமே அந்த இரண்டு நிமிடத்தில் நமக்குத் தெரிந்துவிடுகிறது. வசனத்தால் சொன்னது மிகக் குறைவு.

மே வேலைக்குப் போகிறவள். கணவன் வாகன ஓட்டுநர் உரிமத் தேர்வு அதிகாரி, வளர்ந்த மகன் ஒருவன். மாமியார் திடீரென்று இறந்துபோகிறார். அவர் இவ்வளவு காலம் தாங்கிக்கொண்டிருந்த மாமனாரின் மறதிநோய் அப்போதுதான் வீட்டுக்குத் தெரிகிறது. முன்னாள் விமானப்படை அதிகாரி, முரடர், மருமகளை என்றுமே மதிக்காதவர். நோய் முற்ற முற்ற, பெற்ற பிள்ளைகளை மறந்துவிட்டு, மருமகளை மட்டும் அடையாளம் தெரிந்துகொள்கிறார். மாமனாராக ராய் ச்சியாவ், கணவனாக இசைநாடக நடிகர் லா கார்-யிங்.

பல படங்களில் இந்த மருமகள் தியாகியாகியிருப்பாள். சியாவ் மேயைத் தியாகி ஆக்கவில்லை. அவளுக்குக் கோபம் வருகிறது, கத்துகிறாள், கணக்குப் பார்க்கிறாள், ஓடிப்போகலாமா என்று நினைக்கிறாள், அடுத்த நிமிடம் சிரிக்கிறாள். லாம் ஆ-சுன்னின் நகைச்சுவை இங்கே களைப்போடு கலந்து வருகிறது. கையில் பையோடு படியேறும்போது அவள் மூச்சு வாங்குவதை ஒலியோடு சேர்த்துக் கேளுங்கள். முதியவர்களைப் பார்த்துக்கொள்ளும் பெண்களின் உழைப்பை இவ்வளவு நேர்மையாகச் சொன்ன படங்கள் எந்த மொழியிலும் அதிகம் இல்லை.

இதை நடித்தபோது அவருடைய நிலை என்ன? வலது காது குழந்தையிலேயே போயிருந்தது. இடது காதும் ஆண்டுக்காண்டு மங்கிக்கொண்டே வந்து, எதிரில் பேசுகிறவரின் குரல் சரியாக எட்டாத கட்டத்துக்கு வந்திருந்தது. உதட்டசைவைப் பார்த்துத் தன் முறையைக் கணிக்க வேண்டியிருந்தது. ‘சம்மர் ஸ்நோ’வில் எதிராளி பேசும்போது சியாவின் கண்கள் அந்த ஆள்மேல் அவ்வளவு கூர்மையாக நிற்பதைப் பார்க்கலாம். அந்தக் கவனம் மே என்ற பாத்திரத்தின் குணமாகவே மாறிவிட்டது. குறையை மறைத்தார் என்று சொல்வது பொருத்தமாக இராது. அதைப் பாத்திரத்துக்குக் கொடுத்தார்.

பெர்லின் விழா அவருக்குச் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடியைக் கொடுத்தது. 1992-இல் மேகி சியுங் பெற்ற பிறகு ஹாங்காங்குக்கு வந்த இரண்டாவது கரடி. தைவானின் தங்கக்குதிரை விருதும் கிடைத்தது. 1996 ஹாங்காங் திரைப்பட விருதுகளில் படத்துக்கு ஆறு விருதுகள், அதில் ஒன்று அவருக்கு.

அதே ஆண்டு ஷு கெய் இயக்கிய ‘ஹு-டு-மென்’னில், காண்டனீஸ் இசைநாடகத்தில் ஆண் வேடமிடும் மூத்த நடிகையாக நடித்தார். வெளிநாட்டுக்குக் குடிபெயர இருக்கும் குடும்பம், விட்டுப் பிரிய வேண்டிய மேடை, பெண்ணையே காதலிக்கும் மகள், நெடுநாள் மறைத்த ஒரு ரகசியம் என்று எல்லாமே அந்த ஒரு பெண்ணின் மேல் வந்து விழுகின்றன. ஒப்பனை அறையில் மூதாட்டி போலத் தளர்ந்து உட்கார்ந்திருப்பவர், திரை விலகியதும் இளைஞனாக நிமிர்வது ஃபென் ஜூஹுவாவின் மாணவிக்கு மட்டுமே கைவரும். ஹாங்காங் சீனாவிடம் திரும்பப் போகும் 1997-க்கு முந்தைய ஆண்டு அது. ஊரை விட்டுப் போவதா இருப்பதா என்ற கேள்வி எல்லா வீட்டிலும் இருந்தது. அந்தக் கேள்வியைத் தாங்கிய படங்களில் இதையே நான் முதலில் சொல்வேன்.

1990களின் இறுதியோடு நடிப்பு முடிந்தது. காது ஒத்துழைக்கவில்லை. குழந்தைகள் மீதான பாலியல் வன்முறையைத் தடுக்க ஓர் அறக்கட்டளை நிறுவி, பள்ளிகளில் பிள்ளைகளுக்குத் தற்காப்பைக் கற்றுத்தரும் வேலையில் இறங்கினார். பேசவே கூச்சப்பட்ட சமூகத்தில் அதை உரக்கப் பேசினார். ஆறு வயதில் வேலைக்குப் போன குழந்தை, உளவியல் படித்து, மற்றக் குழந்தைகளுக்காக நின்றது. 2009-இல் ஹாங்காங் திரைப்பட விருதுகள் அவருக்கு வாழ்நாள் சாதனையாளர் விருது அளித்தன.

காண்டனீஸ் சினிமாவின் பழைய படங்களில் பல அழிந்துவிட்டன. ஏழு நாளில் எடுத்ததை எழுபது ஆண்டு காக்க வேண்டும் என்று அன்று யாருக்கும் தோன்றவில்லை. தப்பியவற்றை ஹாங்காங் திரைப்பட ஆவணக் காப்பகம் தேடிச் சேர்த்துச் செப்பனிட்டுத் திரையிட்டு வருகிறது. ஹாங்காங் சினிமா என்றால் குங்ஃபூவும் துப்பாக்கியும் மட்டும்தான் என்று நினைக்கிற நண்பர்களுக்கும், திரைப்படச் சங்கம் நடத்துகிறவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். சியாவிலிருந்து தொடங்குங்கள். ‘டெடி கேர்ள்ஸ்’ ஒரு மாலை, ‘ஸ்பூக்கி பஞ்ச்’ மறு மாலை, மூன்றாம் நாள் ‘சம்மர் ஸ்நோ’. வீட்டில் முதியவரைப் பார்த்துக்கொள்ளும் பெண்கள் உங்கள் குடும்பத்தில் இருந்தால், மூன்றாம் நாள் அவர்களையும் அழைத்துப் போங்கள்.